ஹோமர் யாரிடம் வேலை பார்த்தார்? ‘யூ ஒன்லி மூவ் ட்வைஸ்’ பற்றி ஒரு விவாத இழை

வாசகர் ஒருவரின் கேள்வி, மார்ச் 2

‘தி சிம்ப்சன்ஸ்’ என்னும் அமெரிக்கக் கார்ட்டூன் தொடரின் எட்டாவது சீசனில் வரும் ‘யூ ஒன்லி மூவ் ட்வைஸ்’ என்னும் அத்தியாயத்தை ஜேம்ஸ் பாண்ட் படங்களின் ஆகச் சிறந்த பகடி என்று பலரும் சொல்லக் கேட்டு, நேற்று பார்த்து முடித்தேன். பாண்ட் போன்ற ஆள் வந்த சுவடு தெரியாமல் போய்விடுகிறார். சண்டைகள் எங்கோ பின்னணியில் நடக்கின்றன. பெரும்பகுதி, புது ஊருக்குக் குடிபோன ஒரு குடும்பத்தின் அலுப்பைப் பற்றியது. இதை அதிரடிப் படங்களின் பகடி என்று எந்தக் கணக்கில் சேர்க்கிறார்கள்?

மார்ச் 2, இரவு

பாண்ட் வந்த சுவடு தெரியாமல் போவது குறையன்று, பகடியே அதுதான். வழக்கமான உளவுப் படத்தில் நாயகன் வில்லனின் கோட்டைக்குள் நுழையும்போது, சீருடை அணிந்த நூற்றுக்கணக்கானவர்கள் குறுக்கும் நெடுக்குமாக ஓடிக்கொண்டிருப்பார்கள். இவர்களை வேலைக்கு எடுத்தது யார், மாதச் சம்பளம் எவ்வளவு, பிள்ளைகள் எந்தப் பள்ளியில் படிக்கிறார்கள் என்றெல்லாம் அந்தப் படங்கள் கவலைப்படுவதில்லை. 1967இல் வெளிவந்த ‘யூ ஒன்லி லிவ் ட்வைஸ்’ என்ற பாண்ட் படத்துக்காக அரங்க வடிவமைப்பாளர் கென் ஆடம், பைன்வுட் ஸ்டூடியோவில் எரிமலைக்குள் இருப்பதுபோன்ற ஒரு ராக்கெட் தளத்தையே கட்டி எழுப்பினார். செலவு சுமார் 10 லட்சம் டாலர். அந்த அரங்கின் கூரையிலிருந்து நிஞ்ஜாக்கள் கயிற்றில் இறங்கி வரும்போது கொத்துக் கொத்தாகச் சரியும் ஊழியர்களின் பெயர் நமக்குத் தெரியாது. சிம்ப்சன்ஸ் அத்தியாயம் அப்படிப்பட்ட பெயரில்லாத ஊழியர்களில் ஒருவராகத் தொடரின் குடும்பத் தலைவர் ஹோமரை வைத்து, அவரோடு அவர் வீட்டுக்கே போய் உட்கார்ந்துகொள்கிறது. தலைப்பில் ‘வாழ்வது’ என்ற சொல் இருந்த இடத்தில் ‘வீடு மாறுவது’ வந்திருப்பதைக் கவனிக்க வேண்டும்.

பார்க்காதவர்களுக்குக் கதை: குடும்பத்தின் ஊரான ஸ்பிரிங்ஃபீல்டின் அணுமின் நிலையத்தில் பணிபுரியும் ஸ்மிதர்ஸ் வேண்டாம் என்று மறுத்த ஒரு வெளி வேலை, பணிமூப்பில் அவருக்கு அடுத்து நிற்கும் ஹோமருக்கு வருகிறது, குளோபெக்ஸ் என்னும் நிறுவனத்தில் சேர்ந்து குடும்பத்தோடு சைப்ரஸ் கிரீக் என்ற அழகான ஊருக்குப் போகிறார், அங்கே முதலாளியாக வாய்த்த ஹேங்க் ஸ்கார்ப்பியோ, தாடியும் கோட்டுமாக, ஊழியர்களைத் தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடும் மனிதர், அவர் ஓய்வு நேரத்தில் உலகத்தை மிரட்டிக்கொண்டும் இருக்கிறார். 1996 நவம்பர் 3 அன்று ஃபாக்ஸ் தொலைக்காட்சியில் ஒளிபரப்பானது. எழுதியவர் ஜான் ஸ்வார்ட்ஸ்வெல்டர், இயக்கியவர் மைக் பி. ஆண்டர்சன். உளவாளியை மேசையில் கட்டிப்போட்டு லேசரை நகர்த்தும் காட்சி 1962ஆம் ஆண்டின் முதல் பாண்ட் படத்திலிருந்து எடுத்தது.

மார்ச் 3, காலை

கடைசி வாக்கியம் தவறு. லேசர் காட்சி 1964ஆம் ஆண்டின் ‘கோல்ட்ஃபிங்கர்’ படத்தினுடையது. இரவு பத்தரைக்கு மேல் நினைவிலிருந்து எழுதினால் இப்படித்தான் ஆகும். அந்தக் காட்சியின் மூலநாவலில் இருந்தது வட்ட ரம்பம். லேசர் 1960இல்தான் கண்டுபிடிக்கப்பட்டது என்பதால் படக்காரர்கள் புதுமைக்காக அதை மாற்றினார்கள். படத்தில் பாண்டாக நடித்த ஷான் கானரியின் கால்களுக்கு நடுவே மேசை உருகி வருவது, மேசைக்கு அடியில் ஒருவர் படுத்துக்கொண்டு வெல்டிங் சுடரால் உலோகத்தை வெட்டிக்கொண்டு வந்ததன் விளைவு. ஒளிக்கதிரைப் பிற்பாடு சேர்த்தார்கள். மேசைக்கு அடியில் கிடந்த அந்த ஆளைப் பற்றி நினைத்தாலே, நேற்று நான் சொல்ல வந்தது இன்னும் தெளிவாகிறது.

மார்ச் 3, மாலை

‘அதிரடிப் படப் பகடி’ என்று கேட்டவுடன் சிம்ப்சன்ஸ் ரசிகர்களுக்கு நினைவில் வர வேண்டியது மெக்பெய்ன் அல்லவா என்று ஒரு நண்பர் தனியே எழுதிக் கேட்டார். நியாயமான கேள்வி. தொடருக்குள் ஹோமர் குடும்பம் பார்க்கும் படங்களின் நாயகன் மெக்பெய்ன். அர்னால்டு ஸ்வார்ஸ்னெகரின் உச்சரிப்பில் ஹாரி ஷீரர் குரல் கொடுப்பார். 1991 நவம்பரில் வந்த ‘சாட்டர்டேஸ் ஆஃப் தண்டர்’ அத்தியாயத்தில் மெக்பெய்னின் கூட்டாளியான வயதான போலீஸ்காரர், ஓய்வுபெறப் போவதையும் மகளின் படிப்பையும் தான் வாங்கிய படகையும் ஒவ்வொன்றாகப் பெருமையோடு சொல்கிறார். படகுக்கு ‘என்றென்றும் வாழ்க’ என்ற பொருளில் பெயர். சொல்லி முடிப்பதற்குள் சுட்டுவிடுகிறார்கள். அரை நிமிடத்தில் ஒரு வகைப் படத்தின் அத்தனை தேய்வழக்குகளையும் கூண்டோடு பிடித்த காட்சி அது. இன்றும் பார்த்தால் வாய்விட்டுச் சிரிப்பேன்.

ஆனால் மெக்பெய்ன் கண்ணாடியில் தெரியும் பிம்பம். மூலத்தைக் கொஞ்சம் உப்பவைத்துக் காட்டுகிறது, கேமரா அதே இடத்தில்தான் நிற்கிறது. ஸ்கார்ப்பியோ அத்தியாயத்தில் மூலம் அப்படியே இருக்கிறது, கேமராவை நகர்த்திவிட்டார்கள். இரண்டும் பகடிதான். இரண்டாவது கடினம்.

மார்ச் 5

முழு அத்தியாயத்தையும் மறுபடி பார்த்தேன். பதினோரு வயது மகனும் கூட உட்கார்ந்தான். ஒரு காட்சியை இரண்டு முறை ஓடவிட்டுப் பார்த்தோம்.

ஹோமர் தன் குழுவினருக்காக ஹேமக் வாங்க வேண்டும் என்று முதலாளியிடம் கேட்கிறார். ஹேமக் என்றால் மரத்துக்கு மரம் கட்டிப் படுக்கும் வலைத் தொட்டில். தூளி என்று எழுதலாம் என்றால் பிள்ளை நினைவுதான் வருகிறது. உலகைப் பணயம் வைத்திருக்கும் மனிதர் அந்தக் கேள்வியால் பரவசமடைகிறார். இந்த யோசனை தனக்குத் தோன்றாமல் போயிற்றே என்று வியக்கிறார். பிறகு ஊரில் ஹேமக் விற்கும் கடைகளை ஒவ்வொன்றாகச் சொல்லத் தொடங்குகிறார்: ஒன்று மூன்றாம் தெருவில், இன்னொன்றும் மூன்றாம் தெருவில், அடுத்ததும் அங்கேதான், யோசித்துப் பார்த்தால் எல்லாம் ஒரே வளாகத்தில் இருக்கின்றன. ஹோமர் முகம் மலர, ஓ, அந்த ஹேமக் வட்டாரமா என்கிறார். நகைச்சுவை என்று இதில் எடுத்துக்காட்டச் சொன்னால் என்னால் முடியாது. வழி கேட்டால் கடைத்தெரு முழுவதையும் நமக்காக மனக்கண்ணில் நடந்து பார்த்துவிட்டுச் சொல்லும் பெரியவர்களை ஊரில் பார்த்திருப்போம்; அந்த அக்கறை ஒரு உலக அழிப்பாளனிடம் இருப்பதுதான் வேடிக்கை.

இந்தப் பேச்சு ஸ்கார்ப்பியோவுக்குக் குரல் கொடுத்த ஆல்பர்ட் புரூக்ஸ் பதிவறையில் தாமாகவே இட்டுக்கட்டியது. ஒவ்வொரு முறையும் வேறு வேறு மாதிரி பேசுவாராம். ஹோமருக்குக் குரல் கொடுக்கும் டான் காஸ்டெல்லனெட்டா ஒரு பதிலைத் தயார் செய்து வைத்திருந்தால், அடுத்த பதிவில் கேள்வியே மாறியிருக்கும். ஹோமரின் குரலில் தெரியும் அந்த இலேசான தடுமாற்றம் நடிப்பு மட்டுமன்று என்று தெரிந்தபின் காட்சி இன்னும் இனிக்கிறது. ‘ஃபைண்டிங் நீமோ’வில் மகனைத் தேடி அலையும் அப்பா மீனும் இதே புரூக்ஸ்தான் என்று மகனிடம் சொன்னேன். அவன் நம்பவில்லை.

மார்ச் 5, இரவு

ஒரு சின்ன விஷயம், ஆனால் தூக்கம் வரவில்லை. அத்தியாயத்தில் வரும் உளவாளியின் பெயர் பாண்ட் அல்ல. உரிமைக்காரர்களின் வழக்கறிஞர்களால் சிக்கல் வரக்கூடும் என்பதால் கடைசி எழுத்தை மாற்றி, ஆங்கிலத்தில் ‘டி’ ஒலிக்குப் பதில் வல்லின ‘ட்’ வைத்தார்கள். ஓரெழுத்து வித்தியாசத்தில் தப்பித்த ஒரு உளவாளி.

இதைத் தமிழில் எழுதிக் காட்டலாம் என்று உட்கார்ந்தால் முடியவில்லை. நம் எழுத்தில் ‘ண்’ணுக்குப் பின்னால் வரும் ‘ட்’ தானாகவே மென்மையாகிவிடும். அந்த ஆளையும் பாண்ட் என்றுதான் எழுத வேண்டும், இந்த ஆளையும் பாண்ட் என்றுதான் எழுத வேண்டும். அங்கே சட்டச் சிக்கலைத் தீர்த்த தந்திரம் தொல்காப்பியர் காலத்து எழுத்து முறையில் மூழ்கிவிடுகிறது. இந்த இழையில் நான் ‘போன்ட்’ என்று எழுதினால் அது சிம்ப்சன்ஸ் ஆள், ‘பாண்ட்’ என்றால் நிஜமான ஆள் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

மார்ச் 8

சரி, முக்கியமான இடத்துக்கு வருகிறேன். போன்ட் பிடிபட்டு மேசையில் கிடக்கிறான், லேசர் நகர்கிறது. நான் பேசுவேன் என்று எதிர்பார்க்கிறாயா என்பதுபோல் அவன் வசனம் பேச, ஸ்கார்ப்பியோ, உன்னிடம் நான் எதிர்பார்ப்பது சாவையும் ஒரு மலிவான இறுதிச் சடங்கையும்தான் என்கிறார். மூலப் படத்தின் புகழ்பெற்ற பதிலைக் காட்டிலும் இது கறாரானது. வாயாடிக்கொண்டிருந்து நாயகனைத் தப்பவிடும் வில்லன்களின் நீண்ட மரபுக்கு இவர் முற்றுப்புள்ளி வைக்கப் பார்க்கிறார். ஆனாலும் போன்ட் தப்பித்துவிடுகிறான். விதிப்படி அடுத்து அவன் உலகைக் காப்பாற்ற வேண்டும்.

அப்போது ஹோமர் அங்கே வருகிறார். அவனைப் பிடி, அவன் சாக வேண்டியவன் என்று முதலாளி கத்துகிறார். ஹோமர் ஒரு நொடிகூட யோசிக்காமல் பாய்ந்து போன்டை வீழ்த்துகிறார். போன்டின் கதை முடிகிறது. வீட்டுக்குப் போய்ப் பார், உன் வீட்டில் இன்னொரு மாடி எழுந்திருக்கும் என்று ஸ்கார்ப்பியோ பாராட்டுகிறார். உலகின் மிகப் பெரிய உளவாளி, இரண்டாயிரம் அடியாட்களுக்குத் தப்பி, விசுவாசமான ஒரு ஊழியரின் பணி ஆர்வத்தால் சாகிறான். இரண்டாயிரம் என்று நான் சும்மா எழுதினேன், எண்ணிப் பார்க்கவில்லை.

ஹோமருக்குத் தெரியாது, அவர் அப்பாவி, அதனால்தான் நாம் சிரிக்கிறோம் என்பதுதான் இத்தனை ஆண்டுகளாக என் புரிதல்.

மார்ச் 9

நேற்று எழுதிய கடைசி வரியின்மேல் எனக்கே நம்பிக்கை குறைந்துவிட்டது. இன்னொரு காட்சி இருக்கிறது. ஸ்கார்ப்பியோ பேச்சோடு பேச்சாக ஹோமரிடம், உனக்குக் குறைவாகப் பிடித்த நாடு எது, இத்தாலியா பிரான்ஸா என்று கேட்கிறார். ஹோமர் பிரான்ஸ் என்கிறார். இத்தாலி என்று ஒருவரும் சொல்வதே இல்லை என்று சிரித்துக்கொண்டே அவர் ஒரு பிரம்மாண்டமான ஆயுதத்தைத் திருப்புகிறார். ஹோமர் பக்கத்திலேயே நிற்கிறார். ஆயுதம் ஒளித்து வைக்கக்கூடிய அளவில் இல்லை.

இறுதிச் சண்டை இன்னும் வெளிப்படை. ராணுவம் உள்ளே புகுந்து எங்கும் வெடிச் சத்தம். குடும்பத்துக்கு இந்த ஊர் பிடிக்கவில்லை என்று சொல்ல வந்த ஹோமர் சோகமாக நிற்கிறார். ஸ்கார்ப்பியோ சண்டையை நடத்திக்கொண்டே, குடும்பத்துக்கு எது நல்லதோ அதைச் செய் என்று அன்பாக அறிவுரை சொல்கிறார். போகும் வழியில் யாரையாவது கொல்ல முடிந்தால் பெரிய உதவியாக இருக்கும் என்றும் ஒரு வேண்டுகோள். அந்தப் போர்க்களத்தின் நடுவே ஹோமர் தலையைத் தொங்கப்போட்டு நடந்துபோகும் படிமம், நான் பார்த்த அதிரடிப் படங்களின் உச்சக்கட்டங்கள் பலவற்றைவிட நினைவில் தங்கியிருக்கிறது. எங்கோ ஒரு மூலையில் ஒரு பெண் தொடைகளால் ஒரு சிப்பாயின் கழுத்தை நெரிக்கிறாள். 1995இல் வந்த ‘கோல்டன்ஐ’ என்ற பாண்ட் படத்தின் வில்லி ஜீனியா ஓனடாப்பை நினைவுபடுத்தும் இடம் அது. அவளைக் கேமரா ஏறக்குறைய பொருட்படுத்துவதே இல்லை.

ஆகவே ஹோமருக்குத் தெரியாது என்று சொல்ல முடியாது. கண்ணெதிரே நடக்கிறது. பிறகு என்ன என்பதற்கு எனக்கு இன்னும் விடை அமையவில்லை.

மார்ச் 9, பின்னிரவு

இடையில் ஐக்கிய நாடுகள் சபைக் காட்சியைச் சொல்ல மறந்தேன். எழுபத்திரண்டு மணி நேரத்தில் தங்கம் வந்துசேர வேண்டும் என்று மிரட்டிவிட்டு, நியூயார்க்கின் 59ஆம் தெருப் பாலத்தை ஸ்கார்ப்பியோ தகர்த்துக் காட்டுகிறார். அது 1909இல் திறக்கப்பட்ட குவீன்ஸ்பரோ பாலம். தானாகவே இடிந்து விழுந்திருக்கலாமே என்கிறார் சபையில் ஒருவர். அப்படி நம்பி ஆபத்தைத் தேடிக்கொள்ள முடியாது என்கிறார் இன்னொருவர். நீங்கள் எப்போதும் இதையே சொல்கிறீர்கள், எனக்கு ஒருமுறை ஆபத்தைத் தேடிப் பார்க்க ஆசை என்கிறார் முதலாமவர். சர்வதேச அரசியலைப் பற்றி இந்த அத்தியாயம் செலவழிக்கும் நேரம் இவ்வளவுதான். போதுமானது.

மார்ச் 14

இதை எழுதலாமா வேண்டாமா என்று நான்கு நாட்கள் யோசித்தேன். ஹோமருக்குத் தெரியுமா தெரியாதா என்ற கேள்வி ஏன் என்னை உறுத்துகிறது என்பதைச் சொல்லாவிட்டால் மேலே எழுதியதெல்லாம் அரைகுறை.

இருபது ஆண்டுகளுக்கு முன் ஒரு பின்னலாடை ஏற்றுமதி நிறுவனத்தின் கணக்குப் பிரிவில் வேலை பார்த்தேன். அங்கிருந்த முதலாளி, தம்மை முதலாளி என்று யாரும் கூப்பிடக் கூடாது, அண்ணன் என்றுதான் கூப்பிட வேண்டும் என்பார். ஸ்கார்ப்பியோவும் மரியாதைச் சொற்களை வேண்டாம் என்று தள்ளி, ஹேங்க் என்று அழைக்கச் சொல்வார்; அந்தக் காட்சியை முதன்முதலில் பார்த்தபோது நான் சிரிக்கவில்லை, திடுக்கிட்டேன். இருப்பெடுக்கும் இரவுகளில் அண்ணன் தாமே ஸ்கூட்டரில் போய் இட்லிப் பொட்டலங்களும் தூக்கில் சாம்பாரும் வாங்கி வருவார். சட்னி தனியே ஒரு கவரில் இருக்கும், அதைக் கத்தரிக்கோலால் ஓரம் வெட்டி ஒவ்வொரு இலையிலும் அவரே பிழிவார். என் தாயாருக்கு அறுவைச் சிகிச்சை நடந்தபோது கேட்காமலே மூன்று வாரம் விடுப்புக் கொடுத்து, மருத்துவமனைக்கு வந்து, வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றார்.

என் வேலை கடிதம் எழுதுவது. எங்களுக்குத் தைத்துக் கொடுத்த பவர் டேபிள்காரர்களுக்கும் சாயப்பட்டறைகளுக்கும் பாக்கி கொடுக்க வேண்டியிருந்தது. அந்தப் பாக்கியை இழுத்தடிக்கும் கடிதங்களை நான் எழுதினேன். துணியில் கறை, அளவில் பிசகு, வெளிநாட்டு வாடிக்கையாளர் பணம் பிடித்தம் செய்துவிட்டார் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு காரணம். பாதிக்குமேல் பொய் என்று எனக்குத் தெரியும். வெளிநாட்டுப் பணம் வந்து சேர்ந்த ரசீதைக் கணக்கில் ஏற்றியவனும் நான்தான். எட்டு மெஷின் வைத்திருந்த ஒருவர் வாசலில் பெஞ்சில் உட்கார்ந்து மதியம்வரை காத்திருந்துவிட்டுப் போவார். அண்ணன் எனக்கு நல்லவர், ஆகவே நான் நல்ல இடத்தில் இருக்கிறேன் என்று நினைத்துக்கொண்டேன். தெரியாமல் இருக்கவில்லை, தெரிந்ததைக் கேள்வியாக மாற்றிக்கொள்ளாமல் இருந்தேன்.

ஹோமரும் அப்படித்தான் என்பது இப்போதைய என் புரிதல். மார்ச் 8இல் எழுதியதை அழிக்கவில்லை, இருக்கட்டும்.

மார்ச் 15

நேற்றைய குறிப்பைப் படித்த ஒருவர், நகைச்சுவை அத்தியாயத்தின்மேல் இவ்வளவு பாரத்தை ஏற்றலாமா என்கிறார். ஏற்றக் கூடாதுதான். ஆனால் பாரத்தை அத்தியாயமே ஏற்றி வைத்திருக்கிறது, அதுவும் பாட்டில். இறுதியில் எழுத்துகள் ஓடும்போது ‘கோல்ட்ஃபிங்கர்’ பாணியில், பித்தளை வாத்தியங்கள் முழங்க ஒரு பாடல் வருகிறது. ஸ்கார்ப்பியோவிடம் எச்சரிக்கையாக இரு என்று சொல்லி, அவருடைய கொடூரங்களாகப் பட்டியலிடுவது இலவசப் பல் மருத்துவம், பங்குச் சேமிப்புத் திட்டம், தாராளமான ஓய்வூதியம், ஆண்டுக்கு மூன்று வாரம் சம்பளத்துடன் விடுப்பு, வெள்ளிக்கிழமை மதியச் சாப்பாட்டில் பீர். உலகை ஆளும் திட்டமும் ஊழியர்களின் உடல்நலமும் அவருடைய இரட்டை வெறிகளாம். மூன்று வாரம் என்ற இடத்தில் நான் ஒலியை நிறுத்திவிட்டு எழுந்து போய்த் தண்ணீர் குடித்தேன். பாடியவர் ஷெர்லி பாஸி.

மார்ச் 15, ஒரு மணி நேரம் கழித்து

ஷெர்லி பாஸி பாடியது மூலத்தை. இதைப் பாடியவர் சாலி ஸ்டீவன்ஸ், எழுதியவர் கென் கீலர். அவ்வளவு அசலாக இருக்கிறது என்பதுதான் என் சமாதானம்.

மார்ச் 17

கேள்வி கேட்டவர் திரும்பி வந்து, ஹோமர் சரி, மற்ற மூவரின் அலுப்பு எதற்கு, அதில் அதிரடி எங்கே என்கிறார்.

ஹோமரின் மனைவி மார்ஜின் புது வீட்டில் எல்லாம் தானாகவே நடக்கின்றன. செய்ய ஒன்றுமில்லாமல் மது அருந்தப் பழகுகிறாள், அதிலும் மருத்துவர்கள் பரிந்துரைக்கும் ஒன்றரைக் கோப்பையை எட்ட முடியவில்லை என்று வருந்துகிறாள். மகள் லிசாவுக்கு அந்த ஊரின் ஒவ்வொரு செடியும் ஒவ்வாமை. மகன் பார்ட்டுக்கு ஆங்கில எழுத்துகளைச் சேர்த்தெழுதும் கூட்டெழுத்து தெரியாது என்பதால் பின்தங்கிய மாணவர்களின் வகுப்பில் போடுகிறார்கள். அங்கே அவன் கேட்கும் கேள்வி எனக்கு மிகவும் பிடித்தது. நாங்கள் மற்றவர்களைவிடப் பின்தங்கியிருக்கிறோம், அவர்களைவிட மெதுவாகப் போய் அவர்களைப் பிடிக்கப் போகிறோம், அப்படித்தானே? என் மகன் இந்த இடத்தில்தான் அதிகம் சிரித்தான், சற்றுக் கசப்பாகவே சிரித்தான்.

இவை மூன்றும் நிரப்பிகள் என்றுதான் நானும் முதலில் நினைத்தேன். ஆனால் கணக்கைப் பாருங்கள். ஸ்கார்ப்பியோவின் திட்டத்தை உளவாளியாலும் ராணுவத்தாலும் ஒன்றும் செய்ய முடியவில்லை. அவரிடமிருந்து ஹோமரைப் பிரித்தெடுத்தவை அலுப்பும் ஒவ்வாமையும் கூட்டெழுத்தும்தான். நீதி நியாயம் எதுவும் காரணமில்லை. எந்தக் கோட்பாட்டுக்காகவும் ஹோமர் வேலையை விடவில்லை. மனைவி மக்கள் முகம் வாடியிருந்தது, விட்டார். ஸ்கார்ப்பியோ வெற்றியே பெற்றுவிடுகிறார். உளவுப் படத்தின் இலக்கணத்தில் இதைவிடப் பெரிய மீறல் இருக்க முடியாது, அதைக் குழாயடிப் பேச்சுபோல் சாதாரணமாகச் செய்திருக்கிறார்கள்.

நான் வேலையை விட்டதும் மனசாட்சியால் அல்ல. வீட்டுக்காரருக்கு வேறு ஊருக்கு மாற்றல் வந்தது.

மார்ச் 17, சற்றுப் பின்

‘வீட்டுக்காரர்’ என்று எழுதியதைப் பார்த்து, இத்தனை நாள் ஓர் ஆண் எழுதுவதாக நினைத்தேன் என்று இரண்டு பேர் வியந்திருக்கிறார்கள். மார்ச் 14இல் ‘கணக்கில் ஏற்றியவனும் நான்தான்’ என்று தட்டியிருக்கிறேன். ‘ஏற்றியவளும்’ என்று இருக்க வேண்டும். விசைப்பலகையின் முன்கணிப்பு செய்த வேலை, நான் கவனிக்காதது என் தவறு.

மார்ச் 21

இனி இலகுவான ஒன்று. ஹோமரின் வாழ்நாள் கனவு டாலஸ் கவ்பாய்ஸ் அமெரிக்கக் கால்பந்து அணியைச் சொந்தமாக வைத்திருப்பது. அது முடியாது என்பதால், அந்த அணியைப் பல்லாண்டுகள் பயிற்றுவித்த டாம் லாண்ட்ரியின் தொப்பியை வாங்கிப் போட்டுக்கொண்டு அலுவலகத்தில் தலைமைப் பண்பு காட்டுகிறார். கடைசியில் ஸ்பிரிங்ஃபீல்டுக்குத் திரும்பியதும் ஸ்கார்ப்பியோவின் கடிதம் வருகிறது. கூடவே வீட்டுப் புல்வெளியில் டென்வர் பிரான்கோஸ் அணி. ஹோமர் ஏமாந்து போகிறார். ஓர் அணியே கிடைத்தது பெரிய விஷயமில்லையா என்று மார்ஜ் கேட்க, உனக்குக் கால்பந்து புரியாது என்று பெருமூச்சு விடுகிறார்.

கால்பந்து எனக்கும் புரியாது. ஆகவே தேடிப் பார்த்தேன். அந்த ஆண்டு, 1996, ஜனவரியில்தான் கவ்பாய்ஸ் சூப்பர் பவுல் என்னும் ஆண்டு இறுதிப் போட்டியை வென்றிருந்தது. பிரான்கோஸ் அதுவரை நான்கு சூப்பர் பவுல்களில் ஆடி நான்கிலும் தோற்ற அணி. அந்த நான்கில் முதல் தோல்வி, 1978 ஜனவரியில், கவ்பாய்ஸிடம். அப்போது கவ்பாய்ஸின் பயிற்சியாளர் இதே லாண்ட்ரி. தொப்பி ஒரு பக்கம், அணி இன்னொரு பக்கம். இதைத் திட்டமிட்டு எழுதினார்களோ என்னவோ, எனக்கு அந்தத் தொப்பியைப் பார்க்கும்போதெல்லாம் இனி சிரிப்பு வரும்.

கூத்து என்னவென்றால், ஒளிபரப்பான பதினைந்தே மாதத்தில், 1998 ஜனவரியில், பிரான்கோஸ் சூப்பர் பவுலை வென்றது. அடுத்த ஆண்டு மறுபடியும் வென்றது. கவ்பாய்ஸ் 1996க்குப் பின் ஒன்றுகூட வெல்லவில்லை. ஸ்கார்ப்பியோ ஊழியருக்குக் கொடுத்த பரிசு உண்மையிலேயே நல்ல பரிசு. வாங்கியவருக்குத்தான் அருமை தெரியவில்லை.

ஏப்ரல் 2

ஸ்கார்ப்பியோவின் கடிதத்தைப் பற்றி ஒரு வரி எழுத நினைத்து விட்டுவிட்டேன். ஆர்க்டுரஸ் திட்டம் நீங்கள் இல்லாமல் வெற்றி பெற்றிருக்காது என்று அதில் எழுதியிருப்பார். கிழக்குக் கரைப்பக்கம் வந்தால் ஒரு வார்த்தை சொல்லுங்கள் என்றும். அந்தக் கரையை அவர் பிடித்துவிட்டார் என்பதே நமக்கு அந்த வரியிலிருந்துதான் உறைக்கிறது. நன்றிக் கடிதத்தில் ஓரமாக வரும் உலகப் பேரழிவு.

நேற்று பழைய கோப்புகளைத் தேடும்போது என் பணி அனுபவச் சான்றிதழ் கிடைத்தது. நிறுவனத்தின் பெயர் பொறித்த தடித்த தாள், கீழே அண்ணனின் பச்சை மைக் கையெழுத்து. மூன்றாவது பத்தியில், கடன் கொடுத்தவர்களுடனான கடிதப் போக்குவரத்தை இவர் மிகுந்த பக்குவத்துடன் கையாண்டார் என்றும், நெருக்கடியான ஓராண்டை நிறுவனம் தாண்டியதில் இவருக்குப் பெரும் பங்குண்டு என்றும் எழுதியிருக்கிறார். அந்தச் சான்றிதழை வைத்துத்தான் அடுத்த வேலையை வாங்கினேன். பிளாஸ்டிக் உறைக்குள் மறுபடி செருகி, இருந்த இடத்திலேயே வைத்துவிட்டேன்.